வீணையும் வெள்ளித்திரையும்: எஸ். பாலசந்தரின் கலைவாழ்வு

1943ஆம் ஆண்டு ஒக்டோபர் 11ஆம் நாள் சென்னை நகர்மீது யப்பானிய விமானம் குண்டு வீசிற்று. 1942 ஏப்பிரலிலேயே கொழும்பும் திருகோணமலையும் அத்தகைய தாக்குதலுக்கு இலக்காகியிருந்தமையால் ஈழத்தவர்க்கு அவ்வச்சம் புதிதன்று. அந்நாளைக் களமாகக் கொண்டு 1954இல் வெளிவந்ததே ஏ.வி.எம். நிறுவனத்தாரின் ‘அந்த நாள்’. அதனை நெறிப்படுத்திய எஸ். பாலசந்தருக்கு அப்போது வயது இருபத்தேழு.

1927இல் பிறந்த பாலசந்தர் கலையை வீட்டிலேயே பெற்றவர். 1934இல் வெளியான ‘சீதா கல்யாணம்’ படத்திலே தந்தையார் சுந்தரம் ஐயர் சனகராகவும், தமையனார் எஸ். ராஜம் இராமராகவும், தமக்கையார் ஜெயலட்சுமி சீதையாகவும் தோன்ற, சிறுவன் பாலசந்தர் இராவணன் அவையிலே கஞ்சிரா வாசித்தான். பின்னர் 1948இல் ‘இது நிஜமா’ படத்தில் இரட்டை வேடம் பூண்டதோடு இசையும் அமைத்தார். அவ்வாண்டே ‘என் கணவர்’ வாயிலாக இயக்குநருமானார். ‘கைதி’ (1951), ‘பெண்’ (1954) முதலியவற்றில் நடிகராக அவர் பெற்ற புகழ் ஓரளவினதே.

‘அந்த நாள்’ படத்திலோ அவர் நடிக்கவில்லை. நடிகர் பாலசந்தரை இயக்குநர் பாலசந்தர் விலக்கியது நன்றாயிற்று. வானொலிப் பொறியியலாளனான ராஜன் சுடப்பட்டு இறந்து கிடக்கிறான். துப்பறிவோர் வினவுந்தோறும் ஒவ்வொருவரும் பிறிதொருவர்மேல் ஐயங்கொள்ளுமாறு கதை கூறுகின்றனர். இக்கதைமுறை குரோசாவாவின் ‘ரஷோமோன்’ (1950) படத்தை நினைவூட்டுவது. யப்பானியக் குண்டைப் பற்றிய படமொன்று யப்பானியப் படமொன்றோடு உறவு கொண்டாடுவது விந்தையே! ஒளியையும் நிழலையும் பகைவிக்கும் படப்பிடிப்போ, ‘டொக்டர் கலிகாரி’ (1920) முதலாய ஜெர்மானியப் படங்கள் உலகுக்கு அளித்த கொடையின் வழிவந்தது. நாட்டைக் காட்டிக்கொடுக்கும் நாயகனாகச் சிவாஜி கணேசனும், கணவன்பால் அன்பும் தேசத்தின்பால் பற்றும் மோதித் தவிக்கும் மனைவியாகப் பண்டரிபாயும் நடித்தனர். ஜாவர் சீதாராமன் எழுதிய உரையாடலும் மிகையின்றி அமைந்தது.

பாடல் ஒன்றேனும் அதில் இல்லை, நடனமும் இல்லை. இந்திய அரசின் நற்சான்றிதழ் கிடைத்ததாயினும், முதல் வெளியீட்டில் வசூல் குன்றிற்று. இரசிகரைக் குறை கூறுவது எளிது. ஆயின் காமன்கூத்தும் பொன்னர் சங்கர் கூத்தும் விடியவிடிய ஆடக் கண்ட ஊவாத் தோட்டப்புறத்தார்க்குப் பாட்டில்லாக் கதை உப்பில்லாப் பண்டமாய்த் தோன்றுமெனின், அது அறியாமையன்று. வேறொரு மரபின் எதிர்பார்ப்பே. பாலசந்தரும் இதனை உணர்ந்தார் போலும். குண்டு வைத்த பொம்மை கைமாறிச் செல்லும் ‘பொம்மை’ (1964) படத்திற்குத் தாமே இசையமைத்துப் பாடல்கள் சேர்த்தார். ஜேசுதாசின் குரல் தமிழ்த் திரையில் முதன்முதல் ஒலித்தது அதிலேதான். படத்தின் இறுதியில் தொழில்நுட்பக் கலைஞர் ஒவ்வொருவரையும் திரையில் தோற்றுவித்து அறிமுகம் செய்ததும் அவரது பெருந்தன்மைக்குச் சான்று.

‘நடு இரவில்’ (1970) படத்தை இயக்கி, அதில் தாமே நடித்தார். அதன்பின் அவர் வாழ்வை ஆட்கொண்டது வீணையே. ஆசிரியரின்றித் தாமே பயின்ற அவ்விசையில், எழுபத்திரண்டு மேளகர்த்தா இராகங்களையும் இசைத்தட்டாக்கினார். 1982இல் பத்மபூஷண் விருது பெற்றார். இணக்கம் அவர் இயல்பன்று. சுவாதித் திருநாள் பெயரால் வழங்கும் கீர்த்தனைகள் அம்மன்னர் இயற்றியவையல்ல என்று வாதிட்டு, மூத்த வித்துவான்களோடு வெளிப்படையாகப் பொருதினார். அவ்வழக்கிலே அவர் கூறிய யாவற்றையும் ஏற்றல் இயலாது. எனினும், இசை வரலாற்றுக்கும் ஆவணச் சான்று வேண்டும் என்று அவர் கேட்டது நியாயமே.

1954 ஏப்பிரல் 13இல் திரைக்கு வந்தது ‘அந்த நாள்’. 1990இல் அதே ஏப்பிரல் 13ஆம் நாள், பிலாய் நகரிலே பாலசந்தர் காலமானார்.