வைடூரியம் என்னும் பெயர்

வைரம், முத்து, மாணிக்கம், மரகதம் என்னும் பெயர்களைக் கேட்டவுடன் இன்ன மணி என யாவரும் உணர்வர். வைடூரியம் என்பது அத்தகைய பெயரன்று. பெயர் பழகியதே, அது குறிக்குங் கல் யாது என்பதே ஐயத்துக்கிடமானது. இரத்தினபுரி மணி வணிகரை வினவின், பூனையின் கண்போல நடுவே ஓர் ஒளிக்கீற்று அசைந்தோடும் கல்லை எடுத்துக் காட்டுவர். மொனியர் வில்லியம்சின் வடமொழி அகராதியும் பூனைக்கண் கல் என்றே பொருள் தரும். 1921 முதல் 1925 வரை வெளிவந்த ரீஸ் டேவிட்ஸ், ஸ்டீட் ஆகியோரின் பாளி அகராதி, இதன் பாளி வடிவமாகிய 'வேளுரிய' என்பதற்கு இலாபிசு இலசூலி என்னும் கருநீலக் கல்லைப் பொருளாகக் கூறுகின்றது. 1912இல் வெளிவந்த கைகரின் மகாவமிச மொழிபெயர்ப்போ அதே சொல்லைப் பெரில் என்னும் கல்லாகக் கொண்டது. கற்றோர் மூவர் ஒரு சொல்லுக்கு மூன்று கற்களைக் காட்டுவாராயின், பழைய நூல்களைப் படிக்கும் மாணவன் எதனை மனத்திற் கொள்வான்?

மூன்று கற்களும் ஒன்றோடொன்று மயங்கத்தக்கன அல்ல. பெரில் என்பது ஆறு பட்டைகளையுடைய நீண்ட கோலாக மண்ணில் விளைவது. கண்ணாடி போல ஊடுருவிப் பார்க்கத்தக்கது. கடல்நீர் நிறம், வெளிர்பச்சை, பொன்மஞ்சள் எனப் பல நிறம் உடையது. மரகதமும் இவ்வினத்தின் கரும்பச்சை வகையே. பூனைக்கண் கல் கிரிசோபெரில் என்னும் வேறொரு கனியத்தின் வகை. பெரிலின் ஒப்படர்த்தி ஏறக்குறைய 2.7, இதனதோ 3.7. ஆகவே ஒரே அளவினவாகிய இரு கற்களைக் கையில் ஏந்தினால் எது கனமுடையதென்பது புலப்படும். கல்லினுள்ளே ஒருபடித்தாக அடுக்கிய நுண்ணிய ஊசிகள் போன்ற பொருள்கள் ஒளியைத் திருப்புவதனாலேயே அக்கீற்றுத் தோன்றுகின்றது. கீற்றுத் தெளிவாகத் தோன்றுங் கல் பெரும்பாலும் உள்ளே மங்கியிருக்கும். இலாபிசு இலசூலி ஆப்கானித்தானத்துப் படக்சான் மலைகளிற் கிடைப்பது. ஒளி சிறிதும் ஊடுருவாதது. இவ்வேறுபாடுகளை மனத்திற் கொண்டு பழஞ் சான்றுகளை நோக்குதல் வேண்டும்.

அவற்றுள் முதற்கண் வைத்து எண்ணத்தக்கது தீக நிகாயத்துச் சாமஞ்ஞபல சூத்திரத்தில் வரும் ஓர் உவமை. அழகிய, தூய, எட்டுப் பட்டை தீட்டப்பெற்ற வேளுரிய மணியொன்று. அதனூடே நீலம், மஞ்சள், சிவப்பு, வெள்ளை முதலிய நிறங்களுள் ஒன்றையுடைய நூல் கோக்கப்பட்டிருக்கின்றது. கண்ணுடையான் ஒருவன் அதனைக் கையில் வைத்து நோக்கி, இது மணி, இது நூல் எனப் பகுத்துக் காண்கின்றான். அவ்வாறே துறவியும் உடம்பினையும் அதனைச் சார்ந்து நிற்கும் உணர்வினையும் வேறு வேறாகக் காண்பான் என்பது கருத்து. மணியினூடே நூலின் நிறம் தெரிதலே இவ்வுவமையின் உயிர். இலாபிசு இலசூலியில் நூலைக் கோத்தால் அது கண்ணுக்கு மறைந்துபோம். பூனைக்கண் கல்லிற் கோத்தாலும் அதன் நிறத்தை இவ்வளவு தெளிவாகப் பிரித்துக் கூறல் அரிது. அகராதியில் உள்ள பொருளை அப்படியே எடுத்துப் பெய்து இவ்விடத்தை மொழிபெயர்ப்போர், உவமையையே அழித்துவிடுகின்றனர். இங்கே குறிக்கப்படுவது ஒளி ஊடுருவுங் கல் என்பதில் ஐயமில்லை.

இவ்வுவமைக்கு ஒரு சான்று எதிர்பாராத இடத்திலிருந்து கிடைக்கின்றது. கி.பி. 79இல் இறந்த உரோம அறிஞர் பிளினி, தமது இயற்கை வரலாற்றின் முப்பத்தேழாம் பகுதியிற் 'பெரில்லுசு' என்னும் மணியைப் பற்றிக் கூறுகின்றார். அது இந்தியாவிற் கிடைப்பது. கடல்நீரின் பசுமை வாய்ந்ததே உயர்ந்தது. மங்கிய நிறம் பட்டைகளிற் பட்டு ஒளிபெறுதற்பொருட்டு அறுகோணமாகத் தீட்டுவர் என்கின்றார். இந்தியர் நீண்ட கோலுருவான பெரில்களிற் பெருவிருப்பினர் என்றும், பொன்னிற் பதிக்காது விடுதலே இம்மணிக்கு அழகு எனக் கருதி, துளையிட்டு யானை மயிரிற் கோத்தணிவர் என்றும் அவர் எழுதியுள்ளார். பட்டை தீட்டல், துளையிடல், கோத்தல் ஆகிய மூன்றும் பாளிச் சூத்திரத்திலும் உரோமர் நூலிலும் ஒத்திருக்கின்றன. இருவரும் ஒருவரை ஒருவர் அறியார். பட்டையின் தொகை எட்டெனவும் ஆறெனவும் வேறுபடினும், அது கல் தீட்டுவோரின் வழக்கு வேறுபாடேயன்றிக் கல்லின் வேறுபாடாகாது.

சொல்லொப்புமையும் இதற்குத் துணை நிற்கின்றது. வைடூரியம் என்னும் வடமொழி வடிவத்தைக் காட்டிலும் பாளி 'வேளுரிய', பிராகிருத 'வேருலிய' என்னும் வடிவங்களே கிரேக்கப் 'பேரில்லோசு' என்பதற்கு நெருங்கியவை. வணிகர் வாய்மொழியாகவே இச்சொல் மேற்கே சென்றதாதல் வேண்டும். பாணினி முனிவர் இப்பெயரை விதூரம் என்னும் இடப்பெயரிலிருந்து பிறந்ததாகச் சூத்திரஞ் செய்தார். அதற்கு உரை கண்ட பதஞ்சலி, இம்மணி விதூரத்தில் விளைவதன்று, வாலவாயம் என்னும் மலையில் விளைந்து விதூரத்தில் தீட்டப்படுவது என ஒரு தடையை எழுப்பி, வணிகர் வாரணாசியைச் சித்துவரி என வழங்குவதுபோல இலக்கணிகள் வாலவாயத்தையே விதூரம் என வழங்கினர் எனினும் அமையும் என்று விடையுங் கூறினார். இலக்கண ஆராய்ச்சிக்கு நடுவே மணித்தொழிலின் செய்தியொன்று இவ்வாறு பாதுகாக்கப்பட்டது நமது நற்பேறே. விளையுமிடம் ஒன்று, தீட்டுமிடம் ஒன்று என்பது கி.மு. 2ஆம் நூற்றாண்டளவிலேயே அறியப்பட்டிருந்தது.

விளைந்த இடம் தென்னாடு என்பதற்குச் சான்றுகள் பல. கி.பி. 2ஆம் நூற்றாண்டினராகிய தொலமி, புன்னாட என்னும் ஊரைச் சுட்டி அங்கே பெரில் உண்டு எனக் குறித்தார். அது இன்றைய கருநாடகத்தின் தென்பகுதியிலிருந்த புன்னாடு என்பர். வராகமிகிரர் பிருகத்சங்கிதையில் நாடுகளைத் திசைவாரியாக வகுக்குமிடத்து வைடூரியம், சங்கு, முத்து என்பவற்றுக்குரிய இடங்களைத் தென்றிசையில் வைத்தார். கொங்கு நாட்டுக் காங்கேயத்தை அடுத்த படியூரிற் கடல்நீர் நிறப் பெரில் கிடைத்தது. 1819, 1820 ஆண்டுகளில் ஆங்கிலேயர் ஒருவர் அங்கே சுரங்கம் நடாத்தினார். அதே கொங்கு நாட்டில், நொய்யலாற்றங்கரையிலுள்ள கொடுமணலில் 1985 முதல் நடந்த அகழ்வுகளில் பெரில், நீலம், பளிங்கு முதலியவற்றை அறுத்துத் துளையிட்ட தொழிற்கூடங்களின் எச்சங்கள் வெளிப்பட்டன. பதிற்றுப்பத்துக் கூறும் கொடுமணம் இதுவே என்பது ஆய்வாளர் துணிபு. உரோம நாணயப் புதையல்கள் கொங்கு நாட்டில் மிகுதியாகக் கிடைத்தமைக்கு இம்மணி வணிகமும் ஒரு காரணம் எனல் பொருந்தும்.

சொல்லின் மூலமும் திராவிடமே என்பார் உளர். வேளூர் என்னும் ஊர்ப்பெயரை அதற்கு அடியாகக் காட்டுவர். விதூரம் என்பது 'நெடுந்தொலைவு' எனப் பொருள்படுதலால், வேளுரிய என்னும் நாட்டுச்சொல்லுக்கு வடமொழியாளர் பின்னர்ப் புனைந்த உருவமே வைடூரியம் என்னும் அவர்தம் கருத்து ஏற்கத்தக்கதே. ஆயினும், வேளூர் என்னும் பெயருடைய ஊர்கள் தென்னாட்டிற் பல. ஒலியொப்புமை ஒன்றையே கொண்டு இன்ன ஊர் எனத் துணிதல் ஆராய்ச்சி நெறியன்று.

மேற்கே சென்ற சொல் அங்கே தன் வாழ்வைத் தொடர்ந்தது. தெளிந்த கல்லுக்கெல்லாம் பொதுப்பெயராகிப் பின் மூக்குக்கண்ணாடிக்கும் பெயராயிற்று. யேர்மானியர் மூக்குக்கண்ணாடியை 'பிரில்லெ' என வழங்குவது இதனாலேயே. 1798இல் வொக்குலின் என்னும் பிரெஞ்சு இரசாயன அறிஞர் பெரிலையும் மரகதத்தையும் பகுத்தாய்ந்து, இரண்டினும் இதுவரை அறியப்படாத மூலகம் ஒன்று உண்டெனக் கண்டார். அதன் உப்புகள் இனித்தமையால் முதலில் இனிப்பைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லாற் பெயரிட்டனர். பின்னர் பெரிலியம் என்னும் பெயரே நிலைத்தது. 1932இற் சட்விக் நியூத்திரனைக் கண்டறிந்த பரிசோதனையிற் பயன்பட்டதும் இம்மூலகமே.

கிழக்கே சென்ற சொல்லின் கதை வேறு. கி.பி. 1ஆம் நூற்றாண்டில் எழுந்த ஆன் வமிச வரலாறு, உவாங்சி என்னும் நாட்டிற்குச் சென்ற சீனர் முத்தும் 'பிலியூலி'யும் அரிய கற்களும் வாங்கினர் என்கின்றது. உவாங்சி என்பது காஞ்சியே எனப் பலர் கொள்வர். பிலியூலி என்பது நமது வேளுரியத்தின் சீன ஒலிப்பு. சீனத்தில் அச்சொல் நாளடைவில் நிறக்கண்ணாடிக்கும், மெருகிட்ட ஓட்டுக்கும் பெயராயிற்று. வைடூரிய ஒளியினர் எனப் போற்றப்படும் மருத்துவ புத்தரைக் கருநீல மேனியராகத் தீட்டுவது மகாயான மரபு. யப்பானிய மொழியில் இச்சொல் கருநீலக் கல்லையே குறிக்கின்றது. பாளி அகராதி ஆசிரியர் கூறிய பொருளுக்கு இப்பிற்கால வழக்கு இடங்கொடுத்தது போலும். பாளி நூல்கள் எழுந்த நாட்டுக்கும் காலத்துக்கும் அதனை ஏற்றிக் கூறல் பொருந்தாது.

எஞ்சி நிற்பது, இந்தியாவிலும் இலங்கையிலும் இப்பெயர் பூனைக்கண் கல்லுக்கு எவ்வாறு வந்தது என்னும் வினா. இதற்கு விடை காணும் வழியைக் கௌடிலியரின் அருத்தசாத்திரம் காட்டுகின்றது. அந்நூல் வைடூரியத்தின் வகைகளைக் கூறுமிடத்து, நீலோற்பல நிறத்தது, வாகைப்பூ நிறத்தது, நீர் நிறத்தது, மூங்கிலிலை நிறத்தது, கிளிச்சிறகு நிறத்தது என நிரைத்து, புட்பராகம், கோமூத்திரகம், கோமேதகம் என்பவற்றையும் அவ்வகைகளோடு சேர்த்தே எண்ணுகின்றது. நீர் நிறம் என்பது படியூர்ப் பெரிலுக்கு எத்துணைப் பொருத்தமான பெயர்! கீற்றுப் பற்றி அங்கே ஒரு சொல்லும் இல்லை. நவமணி வரிசையில் இன்று தனித்தனி நிற்கும் புட்பராகமும் கோமேதகமும் அந்நாளில் வைடூரியத்தின் வகைகளாயிருந்தன என்பதே ஈண்டுக் கருதத்தக்கது.

கருடபுராணத்து இரத்தினப் பகுதியும் மயிற்கழுத்து நிறமும் மூங்கிலிலை நிறமும் உடைய வைடூரியத்தையே உயர்ந்ததென்னும். கண்ணாடியும் பளிங்கும் அதற்குப் போலியாகும் என எச்சரிக்கின்றது. பூனைக்கண் கல்லுக்குப் பளிங்கை எவரும் போலியாகக் காட்டி ஏமாற்றார். ஆனால் இடைக்காலத்து இரசவாத நூலாகிய இரசரத்தினசமுச்சயத்தை அடையும்போது நிலைமை மாறிவிடுகின்றது. கருமையும் வெண்மையும் கலந்து, கனமுடையதாய், அசைந்தாடும் வெண்ணிற மேலாடையைத் தன்னகத்தே கொண்டது நல்ல வைடூரியம் என்கின்றது அந்நூல். அசையும் வெண்மேலாடை பூனைக்கண்ணின் கீற்றன்றி வேறில்லை. கனமும் கிரிசோபெரிலுக்கே உரியது. இவ்விரு நூல்களுக்குமிடையிற் பெயர் கைமாறிவிட்டது.

மாற்றத்துக்குக் காரணம் நவமணி வரிசையே எனத் தோன்றுகின்றது. ஒன்பது கோள்களுக்கு ஒன்பது மணி என வகுத்தபோது புட்பராகம் வியாழனுக்கும் கோமேதகம் இராகுவுக்கும் உரியனவாகித் தனிப்பெயர் பெற்றன. பச்சை நிறத்துக்கு மரகதம் புதனிடத்தில் முன்னரே இருந்தது. கேதுவுக்கு உரியதாகிய வைடூரியம் என்னும் பெயர் மட்டும், தன் கிளைகளை இழந்து நின்றது. பெயருக்குரிய இடம் வரிசையில் இருந்தமையால் அதனைக் கைவிடவும் இயலாது. மற்றெட்டு மணிகளோடும் மயங்காத கல் ஒன்று வேண்டப்பட்டபோது, கீற்றோடும் பூனைக்கண் அவ்விடத்தில் அமர்ந்தது. கேதுவின் புகைநிறமும் அதற்கு இசைந்தது. அக்கல் இலங்கையிற் சிறப்பாகக் கிடைப்பது. 1563இற் கோவாவில் அச்சான தமது நூலிற் கார்சியா த ஓர்த்தா இலங்கைப் பூனைக்கண்ணைப் பற்றி எழுதியுள்ளார். சிங்களர் அதனை இன்றும் 'வைரோடி' என வழங்குவர். இந்தி வழங்கும் நாட்டிலோ அதற்குப் பூண்டைக் குறிக்குஞ் சொல்லிலிருந்து பிறந்த 'இலகசுனியா' என்னும் பெயரும் உண்டு. வைடூரியம் என்பது அக்கல்லுக்கு உடன்பிறந்த பெயரன்று என்பதற்கு இதுவும் ஒரு குறிப்பாகும்.

ஆகவே ஒரு நூலில் இச்சொல் வருமிடத்து அந்நூலின் காலத்தை நோக்கியே பொருள் கொள்ளல் வேண்டும். தேவநம்பிய தீசன் முடிபுனைந்தபோது இந்திரநீலமும் வேளுரியமும் செம்மணியும் தோன்றின என மகாவமிசம் கூறுமிடத்திற் கைகர் பெரில் எனக் கொண்டது, பாளி வழக்குக்குப் பொருந்தும். இலங்கையிற் பெரில் சிறுபான்மையும் பூனைக்கண் பெரும்பான்மையும் கிடைத்தல் ஒன்றே அதற்குத் தடையாவது. எனினும் அந்நூலாசிரியர் தம் பாளியை விகாரத்திற் கற்றவரேயன்றி, இரத்தினபுரி மணற்குழியிற் கற்றவரல்லர்.

சிலப்பதிகாரத்து ஊர்காண் காதை இன்னும் நுணுக்கமானது. மதுரையின் மணிக்கடைத் தெருவில் இருந்த கற்களுட் பலவற்றை இளங்கோவடிகள் பெயர் கூறாது நிறத்தாலும் ஒளியாலுமே சுட்டுகின்றார். அவற்றுள் ஒன்று குற்றமற்ற கதிரொளியும் தெளிந்த மதுவின் உருவும் உடையது. உரைவழக்கு அதனை வைடூரியம் எனக் கொள்ளும். தேன்நிறம் பொன்மஞ்சட் பெரிலுக்கும் உண்டு. இலங்கைப் பூனைக்கண்ணுக்கும் உண்டு. ஆனால் அடிகள் மதுவுக்குத் தெளிவை அடைமொழியாகக் கொடுத்தார். கண்ணையோ கீற்றையோ கூறினாரல்லர். கொங்குப் பெரில் மதுரைக்கு வருதல் அரிதுமன்று. எனவே அடிகள் கண்டது ஒளி ஊடுருவும் பழைய வைடூரியமாகவும், பல நூற்றாண்டு கழித்து அவ்வடிக்கு உரை கூறியோர் மனத்தில் நின்றது நவமணி வரிசையிற் புதிதாய் அமர்ந்த பூனைக்கண்ணாகவும் இருத்தல் கூடும்.