மதில் சூழ்ந்த வீதிகள்

எம்மிடம் முதுகலை பயின்ற மாணவர் ஒருவர், திருச்சி நகரின் புறத்தே மதில் எழுப்பிக் காவலாளி அமர்த்திய குடியிருப்பு ஒன்றில் வாடகைக்கு வீடு கேட்டுச் சென்றார். வாயிலில் பெயரையும் செல்பேசி எண்ணையும் எழுதி வாங்கிக்கொண்டனர். வீட்டுக்காரர் ஊரைக் கேட்டார். பின்பு ஊரில் எந்தத் தெரு என்று கேட்டார். தெருவின் பெயரைச் சொன்னதும், வீடு வேறொருவருக்குப் பேசி முடிந்துவிட்டது என்றார். மறுநாள் அம்மாணவர், "இந்தக் கேட்டு, காவல் எல்லாம் புதிதாக வந்த பழக்கம்தானே ஐயா?" என்று எம்மைக் கேட்டார். விடை தேடி நாம் நெடுந்தொலைவு செல்ல வேண்டியதில்லை. காவிரிப் பாலத்தைக் கடந்தால் போதும்.

காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் இடையே, 156 ஏக்கர் பரப்பில், ஏழு மதில்களுக்குள் அமைந்தது திருவரங்கம். உள்ளே உள்ள நான்கு சுற்றுகள் கோயிலுக்குரியவை. வெளியே உள்ள உத்திர வீதிகள், சித்திரை வீதிகள், அடையவளைந்தான் வீதிகள் ஆகிய மூன்றும் மக்கள் வாழும் தெருக்கள். கோயிலைச் சுற்றி ஊர் அமைவது தமிழகத்தில் பொது வழக்கு. ஊரே கோயிலின் மதிலுக்குள் அடங்குவதுதான் அரங்கத்தின் தனிச்சிறப்பு. தைத் தேர் உத்திர வீதிகளிலும் சித்திரைத் தேர் சித்திரை வீதிகளிலும் ஓடும். இவ்வீதிகள் நெடுங்காலம் பெரும்பாலும் கோயில் கைங்கரியத்தைச் சார்ந்த அந்தணர் குடியிருப்புகளாகவே இருந்தன. ஆகவே கோபுர வாசல் கோயிலுக்கு வாசலாக இருந்தது போலவே தெருவுக்கும் வாசலாக இருந்தது.

இம்மதில்கள் எதைத் தடுத்தன? 1311இல் மாலிக் காபூரின் படையை அவை தடுக்கவில்லை. 1323இல் உலூக் கானின் படையெடுப்பையும் தடுக்கவில்லை. அப்போது பிள்ளை லோகாசாரியர் உற்சவ மூர்த்தியை எழுந்தருளப் பண்ணிக்கொண்டு தெற்கே சென்றார் என்று குருபரம்பரை கூறும். பெருமாள் மீண்டும் அரங்கம் திரும்ப 1371 ஆயிற்று. 1752இல் திருச்சிக் கோட்டையை முற்றுகையிட்டிருந்த சந்தா சாகிபும் பிரெஞ்சுக்காரரும் பின்வாங்கி இந்த மதில்களுக்குள்தான் புகுந்தனர். அவர்களையும் மதில்கள் காக்கவில்லை. அவ்வாண்டு ஜூன் மாதத்தில் பிரெஞ்சுத் தளபதி லா சரணடைந்தார். சந்தா சாகிப் கொல்லப்பட்டார்.

பீரங்கியை நிறுத்த இயலாத மதில், அக்கரையில் நின்ற ஒரு பாணரை நிறுத்தியது. உறையூரில் வளர்ந்த திருப்பாணாழ்வார் அரங்கத்தில் கால் வைக்கத் துணியாமல் காவிரியின் தென்கரையிலேயே நின்று பாடினார். வழியில் நின்றவர் மீது கல்லெறிந்த லோகசாரங்க முனிவரே பின்னர் அவரைத் தோளில் சுமந்து சந்நிதிக்குக் கொண்டு வந்தார் என்பது வைணவ மரபு. இக்கதையைப் பக்தியின் பெருமைக்குச் சான்றாகவே நாம் வகுப்பில் சொல்லி வருகிறோம். அவர் ஏன் அக்கரையில் நின்றார் என்ற கேள்வியை விரைந்து கடந்துவிடுகிறோம். தாழ்ந்த குலத்தவராகக் கருதப்பட்ட மாறனேரி நம்பிக்கு இறுதிக் கடன் செய்தமைக்காகப் பெரிய நம்பியை ஊரார் விலக்கி வைத்தனர் என்பதும் அதே மரபு தரும் செய்தியே. மதிலுக்குள் இருந்தவர்க்கும் மதில் உண்டு போலும்!

மரபை மட்டும் குறை கூறுவது நேர்மையாகாது. மதிலைக் கட்டிய நினைவைப் போலவே அதைத் தாண்டியவர்களின் நினைவையும் அது காத்து வைத்திருக்கிறது. உறையூர் மல்லரான பிள்ளை உறங்காவில்லிதாசரின் கையைப் பற்றிக்கொண்டு இராமாநுசர் நீராடித் திரும்பியதும் இதே ஊரில்தான். துலுக்க நாச்சியாருக்குச் சந்நிதி இருப்பதும் இதே கோயிலில்தான்.

எனினும், நினைவு வேறு, உரிமை வேறு. கோயிலுக்குள் நுழைவதற்கு முன்பே, கோயிலைச் சுற்றிய தெருவில் நடப்பதற்கே போராட வேண்டியிருந்தது என்பதை 1924இல் தொடங்கிய வைக்கம் போராட்டம் நாட்டுக்கு உணர்த்தியது. 1925இல் அங்கே மூன்று பக்கத் தெருக்கள் திறந்தன. கிழக்குத் தெரு திறக்க 1936 வரை காத்திருக்க நேர்ந்தது. சென்னை மாகாணத்தில் 1947ஆம் ஆண்டின் ஆலயப் பிரவேசச் சட்டம் எல்லா இந்துக்களுக்கும் கோயில் வாசலைத் திறந்தது.

திருச்சிக் கோட்டை மதில் பத்தொன்பதாம் நூற்றாண்டில் இடிக்கப்பட்டது. தெப்பக்குளத்தருகே மெயின் கார்டு கேட் மட்டும் நிற்கிறது. அரங்கத்தின் மதில்கள் அப்படியே நிற்கின்றன. ஆனால் பல நூற்றாண்டுகள் முற்றுப்பெறாமல் நின்று, 1987இல் பதின்மூன்று நிலைகளுடன் 236 அடி உயரத்துக்கு எழுந்த இராஜகோபுரத்தின் கீழே இன்று எவரும் எந்தத் தெருக்காரர் என்று கேட்கப்படாமல் நடந்து செல்கிறார்கள். அக்கேள்வி அங்கிருந்து இடம்பெயர்ந்து, புதிய குடியிருப்புகளின் வரவேற்பறையில் போய் அமர்ந்திருக்கிறது.

கோபுர வாசலில் நின்றவருக்காகச் சட்டம் வந்தது. வாடகை வீட்டு வாசலில் நிற்பவர், தாம் மறுக்கப்பட்ட காரணத்தைக்கூட மெய்ப்பிக்க இயலாது. "பேசி முடிந்துவிட்டது" என்ற சொல்லுக்கு எதிராக யாரிடம் முறையிடுவது? எம் மாணவருக்கு நாம் சொன்ன விடை இவ்வளவுதான்: "பழக்கம் பழையது தம்பி, கேட்டுத்தான் புதியது." அவர் சிரிக்கவில்லை. நாமும் சிரிக்கவில்லை.