ஆடும் மேலுதடு

1964-இல் வந்த ‘மோத்ரா எதிர் காட்ஜில்லா’ படத்தில், நகோயா கோட்டையை இடிக்கும் காட்சிக்குப் பிறகு காட்ஜில்லாவின் மேலுதட்டைக் கவனியுங்கள். நடக்கும்போது அது படபடவென்று ஆடும். யாரும் திட்டமிட்டுச் செய்ததல்ல. உடைக்குள் இருந்த ஹருவோ நகாஜிமா தடுமாறி, கோட்டையின் மாதிரியமைப்பின் மேல் தலை இடிக்க விழுந்தார். பல்வரிசை கழன்றுகொண்டது. அப்படியே படப்பிடிப்பைத் தொடர்ந்தார்கள். கோபத்தில் துடிக்கும் வாய் அந்த மிருகத்துக்கு அப்படித்தான் வந்தது. பிற்காலத்து உடைகளில் மோட்டார் வைத்து உதட்டை அசைத்தார்கள். இந்த உயிர் அவற்றில் இல்லை என்பேன்.

1954-இல் சிறப்புக் காட்சிகளின் இயக்குநர் எய்ஜி த்சுபுராயாவின் குழு செய்த முதல் உடை ஏறக்குறைய 100 கிலோ. அதைப் போட்டுக்கொண்டு சில அடி நடப்பதே பெரும்பாடு. பத்து வருடத்தில் கை தேர்ந்துவிட்டது. 1964 உடைக்குத் தெய்ஸோ தோஷிமித்சு தலையை வடித்தார்; யாகி சகோதரர்கள் உடலைக் கட்டினார்கள். நகாஜிமாவின் உடல்வாகுக்குப் பொருந்தியதால் இந்த உடையில் அவரால் நிஜமாகவே சண்டை போட முடிந்தது. கேமராவை வேகமாக ஓடவிட்டு எடுத்ததால், திரையில் அசைவு மெதுவாகி, ரப்பருக்கு மலையின் கனம் வந்தது. ராணுவம் தாக்கும் காட்சியில் தலையில் தீயே பற்றிக்கொண்டது. அதுவும் படத்தில் இருக்கிறது.

1964 டிசம்பரில், இதே உடையின் தலையைத் திருத்தி, மூன்று தலை கிதோராவுடன் மோதவிட்டார்கள். அதற்குப் பிறகுதான் இந்த உடையின் வாழ்க்கை சூடுபிடிக்கிறது. த்சுபுராயா சொந்தமாகத் தொடங்கிய நிறுவனம் தொலைக்காட்சிக்கு ‘அல்ட்ரா க்யூ’ தொடரை எடுத்தது. வாராவாரம் புது மிருகம் செய்யப் பணத்துக்கு எங்கே போவது? இந்த உடையை இரவல் வாங்கி, கொம்பும் தந்தமும் ஓடும் உரோமமும் ஒட்டி, கொமெஸ் என்று பெயர் வைத்தார்கள். 1966 ஜனவரி 2 அன்று முதல் அத்தியாயத்தில் ஜப்பானிய வீடுகளுக்குள் வந்தது அதுதான். திரையரங்கில் 50 மீட்டர் உயரம் நின்றது, சின்னத்திரையில் 10 மீட்டரானது.

அதே ஆண்டு ‘அல்ட்ராமேன்’ தொடரிலும் வேலை காத்திருந்தது. இந்த உடலின் மேல் 1965-ஆம் ஆண்டு காட்ஜில்லா உடையின் தலையைப் பொருத்தி, ஒட்டை மறைக்கக் கழுத்தைச் சுற்றி மஞ்சள் விசிறிமடல் கட்டி, ஜிராஸ் ஆக்கினார்கள். உள்ளே மறுபடியும் நகாஜிமாதான். சண்டைக்கு நடுவே அல்ட்ராமேன் அந்த மடலைப் பிய்த்தெடுக்கிறான், பார்த்தால், காட்ஜில்லா! வேஷம் கலைந்ததை ஒளிக்காமல், பிய்த்த மடலைக் காளைச் சண்டைக்காரன் துணிபோல் ஆட்டிக் காட்டவும் செய்தார்கள். கைத்தொழில் மேல் இவ்வளவு நம்பிக்கை உள்ளவர்களால்தான் இப்படித் துணிய முடியும்.

அந்த வருடக் கடைசியில் வந்த ‘எபிரா’ படத்துக்காக உடை மறுபடியும் காட்ஜில்லா படங்களை எடுத்த தோஹோ நிறுவனத்துக்கே திரும்பியது, தண்ணீரில் எடுக்கும் காட்சிகளுக்காக. ரப்பரும் நுரைப்பஞ்சும் நீரைக் குடித்தால் கனம் ஏறும், உள்ளிருப்பவருக்கு ஆபத்தும் கூடும். அதற்கும் நகாஜிமாவே இறங்கினார்.