பதக்கத்தில் பதிந்த முகம்

ஜெர்மானியப் படைகள் ருஷ்ய மண்ணில் நெடுந்தூரம் ஊடுருவியிருந்த 1942 ஜூலையில், சோவியத் அரசு தன் தளபதிகளுக்கென ஒரு விருதை ஏற்படுத்தி, அதற்கு அலெக்சாந்தர் நெவ்ஸ்கியின் பெயரைச் சூட்டியது. 1242ஆம் ஆண்டில், உறைந்த பைபுஸ் ஏரியின் மீது ஜெர்மானிய வீரர்களை முறியடித்த இளவரசர் அவர். பதக்கத்தில் பொறிக்க அவருடைய உருவம் வேண்டுமல்லவா? அவர் காலத்தில் தீட்டப்பட்ட சித்திரம் எதுவும் இல்லை. ஆகவே, திரையில் இளவரசராகத் தோன்றிய நடிகரின் பக்கத் தோற்றமே பதக்கத்தில் ஏறிற்று. 40,000 தடவைக்கு மேல் வழங்கப்பட்ட அவ்விருதைப் பெற்றோர் மார்பில் அணிந்தது நிக்கொலாய் செர்க்காசோவ் என்னும் நடிகரின் முகம்!

அவர் 1903இல் செயிண்ட் பீட்டர்ஸ்பர்க் நகரில் பிறந்தவர். 1919இல் அந்நகரின் புகழ்பெற்ற இசை நாடக அரங்கில், வாய் திறவாத சில்லறை வேடங்களில் தொடங்கினார். பனைபோல் நெடிய, மெலிந்த உடல். அவ்வுடலை வளைத்தும் நெளித்தும் ஆடிய கோமாளிக் கூத்துகளே அவருக்கு முதற் புகழைத் தேடித் தந்தன. ஆனால் 1937இல் வெளிவந்த ‘பால்டிக் பிரதிநிதி’ என்ற படத்தில், முப்பத்து மூன்றே வயதான அவர் எழுபத்தைந்து வயது விஞ்ஞானியாக நடித்தார். அதன் பின்னர் அவரைக் கோமாளி என்று எவரும் கருதவில்லை.

அடுத்த ஆண்டில் ஐசன்ஸ்டீன் இயக்கிய ‘அலெக்சாந்தர் நெவ்ஸ்கி’ வந்தது. பனிக்கட்டி மீது நடந்த போரைக் கோடை வெயிலில், சுண்ணத் தூள் முதலியவற்றால் செய்த பொய்ப் பனியின் மீது படமாக்கினர். 1939 ஆகஸ்டில் சோவியத் அரசும் ஜெர்மனியும் உடன்படிக்கை செய்துகொண்டதும் படம் அரங்குகளை விட்டு மறைந்தது. 1941 ஜூனில் ஜெர்மனி படையெடுத்ததும் மீண்டும் தோன்றியது. படத்தில் ஓர் அங்குலமும் மாறவில்லை. அரசின் தேவைதான் மாறியது.

பின்னர் அதே இயக்குநரின் ‘கொடிய இவான்’. யுத்தத்தின் காரணமாகப் படப்பிடிப்பு நிலையங்கள் மத்திய ஆசியாவிலுள்ள அல்மா ஆட்டாவுக்கு மாற்றப்பட்டிருந்தன. உடலை முறுக்கிய ஓவிய நிலைகளில் நிற்குமாறு ஐசன்ஸ்டீன் வற்புறுத்தினார். அவை தமக்கு உவப்பாக இல்லை என்பதைச் செர்க்காசோவ் தம் நினைவுக் குறிப்புகளில் மறைக்கவில்லை. ஆயினும் அந்த முறுக்கில்தான் மன்னனின் அச்சமும் தனிமையும் வெளிப்பட்டன என்பது என் எண்ணம்.

முதற் பாகத்துக்கு ஸ்டாலின் பரிசு கிடைத்தது. இரண்டாம் பாகம் 1946இல் தடை செய்யப்பட்டது. 1947 பிப்ரவரி 25 அன்று இரவு இயக்குநரும் நடிகரும் கிரெம்ளினுக்கு அழைக்கப்பட்டனர். ஸ்டாலின், மோலடோவ், ஷ்தானோவ் மூவரும் எதிரே. இவானை ஹாம்லெட்டைப் போல் உறுதியற்றவனாகக் காட்டிவிட்டதாக ஸ்டாலின் குறை கூறினார். திருத்தி எடுக்க அனுமதி கிடைத்தது; ஆனால் மறு ஆண்டே ஐசன்ஸ்டீன் காலமானார். படம் 1958 வரை வெளிவரவில்லை. செர்க்காசோவுக்கோ 1947இலேயே மக்கள் கலைஞர் பட்டம் வந்தது. அவரைக் கிளர்ச்சியாளர் என்பது பொருந்தாது. அவர் சோவியத் மன்றத்தின் உறுப்பினர். அரசு மதித்த மனிதர்.

1951இல் இயக்குநர் புதோவ்கினுடன் அவர் நம் நாட்டுக்கு வந்தார். கல்கத்தாத் திரைப்படக் கழகத்தார் அவர்களை வரவேற்றனர். ஊர் திரும்பியதும் இந்தியாவைப் பற்றி ஒரு பயண நூலும் எழுதினார்.

இளமையில் மேடையில் ஏற்ற டான் குவிக்ஸாட் வேடத்தை 1957இல், கோசின்ட்செவ் இயக்கிய படத்தில் திரும்ப ஏற்றார். கிரிமியாவின் வறண்ட குன்றுகளே ஸ்பெயினாயின. கோமாளியின் நெடிய கைகால்களும் விஞ்ஞானியின் முதுமையும் இப்பாத்திரத்தில் ஒன்றுகூடின. நகைக்க வந்தவர்கள் நகைக்க இயலாமல் அமர்ந்திருக்கும் நடிப்பு அது. பதக்கத்தில் உள்ள முகத்தைவிட இம்முகமே அவருடையது என்று எனக்குத் தோன்றுகிறது.

1966 செப்டம்பர் 14 அன்று லெனின்கிராடில் அவர் மறைந்தார். அவரை அடக்கம் செய்த இடம், அதே இளவரசர் நெவ்ஸ்கியின் பெயர் தாங்கிய மடாலயத்தின் கல்லறைத் தோட்டம்.