பழியைத் திருப்பிக் காட்டும் பகடி

அம்பத்தூர் தொழிற்பேட்டையில் இரவுப் பணி முடித்துத் திரும்பும் பெண்ணுக்கு ஏதேனும் நேர்ந்தால், “அந்நேரத்தில் அவளுக்கு அங்கே என்ன வேலை?” என்பதே முதற்கேள்வியாக எழுகிறது. தொழிற்சாலைகளில் பெண்களின் இரவுப் பணியைத் தடுத்த சட்டப் பிரிவைச் சென்னை உயர் நீதிமன்றம் 2000ஆம் ஆண்டிலேயே செல்லாதென அறிவித்துவிட்டது. கேள்வி மட்டும் நீடிக்கிறது.

இக்கேள்வியைப் பகடிக்கு உள்ளாக்கியது, ஏ.ஐ.பி. என்னும் மும்பை நகைச்சுவைக் குழு 2013 செப்டம்பரில் வெளியிட்ட ‘இட்ஸ் யுவர் ஃபால்ட்’ காணொளி. புதுச்சேரியில் பிறந்த நடிகை கல்கி கோச்லின் அதில் மலர்ந்த முகத்துடன், தவறு பெண்ணுடையதே என்று அறிவுரை வழங்குவார். உடை, இரவுப் பணி, தாக்க வருபவனை ‘அண்ணா’ என்றழைத்தல் எனப் பழிசுமத்துவோரின் வாதங்களை மறுக்காமல், முற்றாக ஒப்புக்கொண்டு அபத்தம் வெளிப்படும்வரை நீட்டுவதே அதன் உத்தி. (டெல்லிக் கொடுமைக்குப் பின் ‘அண்ணா’ யோசனையை மெய்யாகவே உரைத்தவர் ஆசாராம் என்னும் சாமியார். பாலியல் துன்புறுத்தல் புகார்களால் 2018இல் அக்குழுவே நிலைகுலைந்தது தனிக்கதை.)

ஆயினும் அக்காணொளியில் சாதி பேசப்படவில்லை என்பதை நாம் கவனிக்க வேண்டும். ராஜஸ்தானில் குழந்தைத் திருமணத்தைத் தடுக்க முயன்ற, குயவர் சமூகத்தைச் சேர்ந்த பன்வாரி தேவி 1992இல் கூட்டு வன்கொடுமைக்கு ஆளானார். 1995இல் ஜெய்ப்பூர் நீதிமன்றம் அவ்வழக்கில் ஐவரை வன்கொடுமைக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. மேல்சாதி ஆண் கீழ்ச்சாதிப் பெண்ணைத் தீண்டித் தன்னை மாசுபடுத்திக்கொள்ளான் என்பதும் அதன் காரணங்களுள் ஒன்று. தீண்டாமையே குற்றஞ்சாட்டப்பட்டோருக்குச் சாட்சியாயிற்று.

ஆகவே உடையையும் நேரத்தையும் எள்ளும் பகடி தலித் பெண்ணுக்குப் பாதிவழியே துணைவருகிறது. “ஏன் அங்கே சென்றாய்?” என்று கேட்டவர்களே அவளிடம், “உன்னை அவன் தொடுவானா?” என்றும் கேட்கிறார்கள்.