எந்த ஊர் கோர்ட்டுக்குப் போவது?

1997 ஏப்ரலில் ஒரு பெண் நாகர்கோவிலில் இருந்த கணவன் வீட்டை விட்டுச் சென்னைக்கு வந்துவிட்டார். வரதட்சணை கேட்டுக் கொடுமைப்படுத்தினார்கள் என்பது அவருடைய புகார். வழக்கு சென்னையில் நடந்தது. 2004 ஆகஸ்டில் இந்திய உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. புகார் பொய் என்று நீதிமன்றம் சொல்லவில்லை. சொல்லப்பட்டதெல்லாம் நாகர்கோவிலில் நடந்தவை, சென்னையில் எதுவும் நடக்கவில்லை, ஆகவே சென்னைக்கு விசாரிக்கும் அதிகாரமில்லை என்றது. வேண்டுமானால் உரிய இடத்தில் போட்டுக்கொள்ளலாம். அதாவது, வீட்டை விட்டு வந்து ஏழு வருஷம் கழித்து, சுமார் 700 கிலோமீட்டர் தாண்டி, எந்த ஊரை விட்டு ஓடி வந்தாரோ அதே ஊருக்குத் திரும்பப் போகணும்.

குற்றம் நடந்த எல்லைக்குள் இருக்கும் நீதிமன்றமே சாதாரணமாக விசாரிக்க வேண்டும் என்பது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 177ஆம் பிரிவு. ஆங்கிலேயர் காலத்து 1898 சட்டத்திலும் அதே எண்தான். திருட்டுக்கும் கொலைக்கும் இது சரியாகவே பொருந்தும். சாட்சியும் தடயமும் அந்த ஊரில்தானே இருக்கும். ஆனால் கணவன் வீட்டுக் கொடுமையைத் தனிக் குற்றமாக்கிய 498ஏ பிரிவு 1983இல்தான் வந்தது. அந்தப் புதுக் குற்றத்தையும் பழைய அளவுகோலை வைத்தே அளந்தார்கள்.

1997இல் வேறொரு வழக்கு. கொடுமை நடந்தது ராய்கரில். பெண் அம்மா வீட்டுக்கு, ராய்ப்பூருக்கு, வந்துவிட்டார். கணவன் அங்கேயும் வந்து அடித்தார் என்பது புகார். இது தொடர்ந்து நடக்கும் குற்றம், ராய்ப்பூரிலும் விசாரிக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். இரண்டு தீர்ப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தபோது எனக்குச் சங்கடமாக இருந்தது. அவன் தேடி வந்து அடித்தால் உன் ஊரில் வழக்குப் போடலாம். வராமல் விட்டுட்டால் முடியாது!

இத்தனைக்கும் 2003 டிசம்பரிலேயே இந்துத் திருமணச் சட்டம் திருத்தப்பட்டிருந்தது. விவாகரத்து கேட்கும் மனைவி தான் வசிக்கும் ஊரிலேயே மனு போடலாம். கொடுமை வழக்குக்கு அந்த வசதி இல்லை.

நகை விஷயத்தில் சட்டம் கொஞ்சம் தாராளம். 'ஸ்திரீதனம்' என்ற சொல்லில் இருந்துதான் நம்முடைய 'சீதனம்' வந்தது. பெயரிலேயே அது பெண்ணின் சொத்து. ஆனாலும் புகுந்த வீட்டுக்குள் போனதும் அது இருவருக்கும் பொது என்று பஞ்சாப் – ஹரியானா உயர் நீதிமன்றம் 1982இல் சொல்லியிருந்தது. 1985இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. கணவன் வெறும் காப்பாளர், திருப்பித் தராவிட்டால் நம்பிக்கை மோசடி என்றது. மூவர் அமர்வில் ஃபசல் அலியும் ஜோலார்பேட்டைக்காரரான வரதராஜனும் ஒரு பக்கம், பதக் மறுபக்கம். நம்பிக்கை மோசடி வழக்கை, பொருளைத் திருப்பித் தர வேண்டியிருந்த இடத்திலும் விசாரிக்க 181(4) இடம் தருகிறது. ஆக, வளையலுக்குத் திறந்திருந்த கதவு அதைப் போட்டிருந்தவளுக்குத் திறக்கவில்லை.

2019 ஏப்ரல் 9 அன்று ரஞ்சன் கோகோய் தலைமையிலான மூவர் அமர்வு இந்த முரணைத் தீர்த்தது. துணைக்கு வந்தது 179ஆம் பிரிவு: செயல் நடந்த இடத்தில் மட்டுமல்ல, விளைவு ஏற்பட்ட இடத்திலும் விசாரிக்கலாம். நான் படித்தது பொறியியல் என்பதால் இது உடனே புரிந்தது. சுமை ஓரிடத்தில் இருக்கும், விரிசல் இன்னோரிடத்தில் விழும். அம்மா வீட்டில் யாரும் அடிக்காவிட்டாலும் மனவேதனை அங்கேயும் தொடர்கிறது, ஆகவே அவள் தஞ்சம் புகுந்த ஊர் நீதிமன்றமும் விசாரிக்கலாம் என்றது தீர்ப்பு.

மறுபக்கமும் இருக்கத்தான் செய்கிறது. வழக்கில் பெயர் சேர்க்கப்பட்ட வயதான மாமனார், எங்கோ இருக்கும் நாத்தனார் எல்லாரும் தெரியாத ஊருக்கு அலையணும். அவர்களில் குற்றமே செய்யாதவர்களும் இருக்கலாம். என்றாலும் யாராவது ஒருவர் ரயில் ஏறியே ஆக வேண்டும் என்றால், வீட்டை இழந்தவள் ஏற வேண்டாம் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

2024 ஜூலையில் புதிய நடைமுறைச் சட்டம் நடப்புக்கு வந்தது. 177 இப்போது 197. குற்றம் நடந்த எல்லை என்ற விதி அப்படியே இருக்கிறது. மனைவி தஞ்சம் புகுந்த ஊர் என்று அதில் எழுதவில்லை. அது இன்னும் 2019 தீர்ப்பில்தான் இருக்கிறது.