மௌனப் படமும் குருவின் குரலும்: ஆல்பெர் தெசியேயின் திரைப்பணி

1927 ஜனவரி 9, ஞாயிற்றுக்கிழமை. மாண்ட்ரியல் நகரின் லோரியே பேலஸ் திரையரங்கில் தீப்பிடித்தது. நெரிசலிலும் புகையிலும் 78 சிறார்கள் மாண்டனர். திரையரங்குகள் மீது கியூபெக் கத்தோலிக்கத் திருச்சபை கொண்டிருந்த எதிர்ப்பு இதனால் வலுப்பெற்றது. 16 வயது நிரம்பாதவர்கள் திரையரங்கில் நுழைய 1928இல் சட்டம் தடைவிதித்தது. அதே திருச்சபையின் குருக்கள் சிலர் அதே காலத்தில் படக்கருவியைக் கையில் எடுத்திருக்கிறார்கள். இதை முரண்பாடு என்று ஒதுக்கிவிட முடியாது. வணிகத் திரையரங்குக்கு மாற்றாக வேறொரு பார்வைச் சூழலை அவர்கள் கட்ட முயன்றார்கள் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

இதற்குத் தெளிவான சான்று ஆல்பெர் தெசியே (1895–1976). ட்ருவா-ரிவியேர் நகரின் குருமடத்தில் கற்பித்தவர், வரலாற்றாசிரியர். 1920களின் நடுவில் தொடங்கி ஏறத்தாழ 70 படங்களை எடுத்தார். அவை 16 மி.மீ. சுருளில் அமைந்த மௌனப் படங்கள். பள்ளிகளிலும் பங்கு மண்டபங்களிலும் அவற்றைத் திரையிட்டு, அருகில் நின்று தாமே விளக்கிப் பேசினார்.

இங்கே ஓர் ஒப்பீடு தேவை. தெசியேயின் சமகாலத்தவரான அருட்பணியாளர் மொரிஸ் ப்ரூ வேளாண்மை ஆசிரியர். கியூபெக்கின் அபித்திபிப் பகுதியில் காட்டைத் திருத்திக் குடியேறிய உழவர்களைப் பற்றி அவர் எடுத்த ஆவணப்படம் 1937இல் ஒலியோடு வெளிவந்தது. அதில் விளக்கவுரை சுருளிலேயே பதிந்துவிட்டது. எந்த ஊரில் ஓடினாலும் அது ஒன்றே. பேசும்படம் பரவிய பின்னும் தெசியே மௌனத்தை விடவில்லை. மாணவர் முன்னும் உழவர் முன்னும் ஒரே காட்சிக்கு வெவ்வேறு சொல்லைத் தேர அவருக்கு இடமிருந்தது. மறையுரை ஆற்றும் குருவுக்கு இது பழகிய முறை: வாசகம் மாறாது, விளக்கம் கூடியிருப்போரை நோக்கிப் பிறக்கும். படச்சுருளை அவர் வாசகத்தின் இடத்தில் வைத்தார். 1942இல் அவர் எடுத்த ‘படைப்பின் பாடல்’ என்னும் படத்தின் பெயரே அசிசி பிரான்சிசை நினைவூட்டுகிறது. காடும் நீரும் அதில் தியானப் பொருளாகின்றன.

இதற்கு வலுவான மறுப்பும் உண்டு. 1937 முதல் தெசியே இல்லறக் கலைப் பள்ளிகளைப் பரப்பும் அரசுப் பொறுப்பில் இருந்தார். பெண் கல்வியை அடுப்படியோடும் குடும்பத்தோடும் பிணைத்த அப்பணிக்கும் அவர் படங்கள் உதவின. பார்ப்பவரோடு உறவை ஏற்படுத்திய குரலே, பார்க்கவேண்டியது எது என்று வரையறுக்கவும் செய்தது. இதை மறைத்து அவரைப் போற்றுவது ஆய்வுக்கு அழகன்று.

ஆயினும் இம்மறுப்பு என் வாதத்தை முறிக்கவில்லை. அதன் எல்லையைக் காட்டுகிறது. கல்வியும் ஆன்மிகமும் அப்படங்களில் காட்சிக்கும் குரலுக்கும் இடையில் நிகழ்ந்தன. 1980 முதல் கியூபெக் அரசு திரைத்துறைக்கு வழங்கிவரும் உயரிய விருது அவர் பெயரைத் தாங்குகிறது. ஆனால் திரையிடலின்போது மண்டபங்களில் ஒலித்த அவர் பேச்சு எந்தச் சுருளிலும் பதியவில்லை. காட்சியை மட்டும் வைத்து அவரைப் பிற்போக்காளர் என்றோ கவிஞர் என்றோ தீர்ப்பளிப்பவர், பாதி ஆவணத்தைப் படித்தே தீர்ப்பெழுதுகிறார். குருக்களின் திரைப்பணியை ஆராய்வோர் படத்தோடு அது திரையிடப்பட்ட அவையையும் சேர்த்தே படிக்கவேண்டும்.